சான்றில்லாத வாழ்க்கைகளைப் படமாக்கியவர்

(திரைப்படச் சங்கக் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



ஆவணப்படம் என்றதும் நம் மனத்தில் வந்து நிற்கும் வடிவம் ஒன்று உண்டு. பழைய புகைப்படங்கள், கடிதங்கள், பத்திரிகைத் துணுக்குகள் வரும். நேரில் பார்த்தவர்கள் பேசுவார்கள். புத்தக அலமாரிக்கு முன்னால் அமர்ந்து ஓர் ஆய்வாளர் விளக்கம் சொல்வார். இந்த முறையில் நல்ல படங்கள் நிறைய வந்திருக்கின்றன. ஆனால் இதற்கு ஒரு முன்நிபந்தனை இருக்கிறது. யாரைப் பற்றிப் படமெடுக்கிறோமோ அவருடைய வாழ்க்கையை யாராவது பத்திரப்படுத்தி வைத்திருக்க வேண்டும். பத்திரப்படுத்தவில்லை என்றால் என்ன செய்வது? வேண்டுமென்றே அழித்திருந்தால்? அழித்தவர், பயத்தாலோ மானத்தைக் காப்பதற்காகவோ, படத்துக்குரியவரேதான் என்றால்?

இந்தக் கேள்விகளோடு ஐம்பது ஆண்டுகள் மல்லுக்கட்டிய ஒரு கலைஞரைப் பற்றித்தான் இன்று பேசப்போகிறேன். அவர் பெயர் பார்பரா ஹாமர். அமெரிக்காவில் 1939இல் பிறந்தவர், 2019இல் மறைந்தவர். எண்பதுக்கும் மேற்பட்ட படங்களை எடுத்தார். பெண்களை நேசித்த பெண்களின் வாழ்க்கையே அவற்றில் பெரும்பாலானவற்றின் பொருள். அவரைச் சோதனைப்பட இயக்குநர் என்று ஒரு பெட்டியில் போட்டு மூடிவிடுவது வழக்கம். அவரை ஆவணப்படக்காரராகவே பார்க்க வேண்டும் என்பது என் கருத்து. சான்று இல்லாத இடத்தில் ஆவணப்படம் எப்படி நேர்மையாக இருக்க முடியும் என்பதை அவர் அளவுக்கு யோசித்தவர்கள் அதிகம் இல்லை.

அவர் பிறந்த ஊரே ஹாலிவுட். பாட்டி, மௌனப்பட மேதை கிரிஃபித்தின் வீட்டில் சமையல் வேலை செய்தவர். மகளைச் சின்னக் குழந்தையிலேயே நடிகையாக்கிவிட வேண்டும் என்று தாய் ஆசைப்பட்டார், அது நடக்கவில்லை. ஹாமர் உளவியல் படித்தார், திருமணம் செய்துகொண்டார், ஆசிரியர் வேலை பார்த்தார். முப்பது வயதுவரை ‘லெஸ்பியன்’ என்ற சொல்லே தன் காதில் விழுந்ததில்லை என்று பின்னாளில் சொல்லியிருக்கிறார். திரைப்படத் தலைநகரில் பிறந்து, பெரிய பல்கலைக்கழகத்தில் உளவியல் படித்த ஒரு பெண்ணுக்கு இப்படி என்றால், மற்றவர்களின் நிலையை நாமே ஊகித்துக்கொள்ளலாம். அந்தச் சொல் தன்னைக் குறிக்கிறது என்று தெரிந்ததும் மணவாழ்க்கையை விட்டு வெளியேறினார். கையில் ஒரு சூப்பர் 8 கேமரா, ஒரு மோட்டார் சைக்கிள். அங்கே தொடங்குகிறது அவருடைய திரை வாழ்க்கை.

சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் திரைப்படம் படிக்கச் சேர்ந்தார். திரைப்பட வரலாற்று வகுப்பில் வாராவாரம் ஆண்கள் எடுத்த படங்களையே காட்டினார்கள். ஒருநாள் மாயா டெரன் 1943இல் எடுத்த ‘மெஷஸ் ஆஃப் த ஆஃப்டர்நூன்’ திரையில் ஓடியது. ஒரு பெண் தன் அகத்தைப் படமாக்க முடியும், கதையில்லாமலும் வசனமில்லாமலும் ஆக்க முடியும் என்று அன்றைக்குத்தான் ஹாமர் கண்டுகொண்டார். டெரனை அவர் கடைசிவரை மறக்கவில்லை. 2011இல் ‘மாயா டெரன்’ஸ் சிங்க்’ என்றே ஒரு படம் எடுத்தார். டெரன் வீட்டில் இருந்த ஒரு கழுவு தொட்டி அதன் தொடக்கப்புள்ளி.

அவர் நுழைந்த காலத்தில் திரையில் லெஸ்பியன் எப்படி இருந்தாள் என்பதைச் சொல்லாமல் அவர் செய்தது எவ்வளவு பெரிது என்று விளங்காது. ஹாலிவுட்டின் ஹேய்ஸ் விதிகள் 1934 முதல் கறாராக அமலுக்கு வந்தன, 1968வரை நீடித்தன. தன்பாலீர்ப்பை ‘வக்கிரம்’ என்ற பட்டியலில் சேர்த்து, அதன் சாயல்கூடத் திரையில் விழக்கூடாது என்று தடுத்தவை அவை. விதிகள் தளரத் தொடங்கிய 1961இல் ‘த சில்ட்ரன்ஸ் அவர்’ வந்தது. தன் தோழியைக் காதலிப்பதை ஒப்புக்கொள்ளும் ஆசிரியை, படம் முடிவதற்குள் தூக்கில் தொங்குகிறாள். ஒன்று சாக வேண்டும், இல்லையென்றால் ஆண்களின் கிளுகிளுப்புக்காக எடுத்த நீலப்படத்தில் கிடக்க வேண்டும். மூன்றாவது வாழ்க்கை திரையில் கிடையாது.

1974இல் ஹாமர் ‘டைக்டாக்டிக்ஸ்’ எடுத்தார். நான்கு நிமிடப் படம். முதல் பகுதியில் பெண்கள் கூட்டமாக ஆடையின்றி வெட்டவெளியில் ஆடுகிறார்கள், ஆற்றில் குளிக்கிறார்கள், மண்ணைத் தொடுகிறார்கள். இரண்டாம் பகுதியில் இரண்டு பெண்கள் கூடுகிறார்கள். அவர்களில் ஒருவர் ஹாமரே. பார்ப்பதைத் தொடுவதுபோல ஆக்க வேண்டும் என்பது அவர் நோக்கம். படத்தின்மேல் படம் ஏற்றி, கை பட்ட இடத்தை அடுத்த சட்டகம் உடனே ஏந்திக்கொள்ளும்படி வெட்டியிருப்பார். லெஸ்பியன் ஒருத்தி தன் காதலைத் தானே படமாக்கிய முதல் முயற்சிகளில் ஒன்றாக அது இன்று கருதப்படுகிறது. தொடர்ந்து மாதவிலக்கைப் பற்றிய ‘மென்சஸ்’, தன் காதலிகளைப் பற்றிய ‘விமன் ஐ லவ்’, ட்ரபீஸ் ஊஞ்சல் கலைஞர் டெரி செண்ட்கிராஃபோடு தான் வாழ்ந்த காலத்தைப் பற்றிய ‘டபுள் ஸ்ட்ரெங்த்’ என்று ஓயாமல் எடுத்தார்.

இந்தப் படங்களின் மீது கடுமையான விமர்சனங்கள் எழுந்தன. பெண்ணை இயற்கையோடும் பழத்தோடும் பூவோடும் சேர்த்துக் கட்டுவது பழைய புராணத்தையே புதுப்பிப்பதாகும் என்றார்கள் பெண்ணியக் கோட்பாட்டாளர்கள். அந்தப் புல்வெளிகளில் இருந்தவர்கள் பெரும்பாலும் வெள்ளைப் பெண்களே என்பதும் உண்மை. இரண்டு குற்றச்சாட்டுகளிலும் நியாயம் இருக்கிறது. எல்லாப் படங்களும் காலத்தைத் தாண்டி நிற்கின்றன என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் ஆவணம் என்ற முறையில் அவற்றுக்கு மாற்று கிடையாது. அந்தப் பெண்கள் அந்த ஆண்டுகளில் அப்படிச் சிரித்தார்கள், அப்படித் தொட்டுக்கொண்டார்கள் என்பதற்கு வேறு எங்கே சான்று இருக்கிறது? பிற்காலத்தவர் தேடித் திணறப்போகும் சான்றைத் தன் உடம்பாலேயே உண்டாக்கி வைத்தார் ஹாமர்.

எண்பதுகளில் அவர் வேறு பாதையில் போனார். மனித உருவத்தைக் குறைத்து, ஒளியையும் ஃபிலிமையும் கொண்டு சோதனைகள் செய்தார். அவற்றில் ‘ஆப்டிக் நர்வ்’ ஒன்றைச் சொல்ல வேண்டும். முதியோர் இல்லத்தில் இருந்த தன் பாட்டியைப் பார்க்கப் போவதைப் பற்றிய படம். உருவம் துள்ளுகிறது, நழுவுகிறது, கண்ணுக்குப் பிடிபடாமல் ஓடுகிறது. விட்னி அருங்காட்சியகத்தின் 1985ஆம் ஆண்டு ஈராண்டுக் கண்காட்சியில் அது இடம்பெற்றது. கலையுலகம் அவரை ஏற்றுக்கொண்டது அப்போதுதான். அதில் ஒரு கசப்பான உண்மை இருக்கிறது: லெஸ்பியன் உடல் திரையைவிட்டு விலகிய பிறகே அருங்காட்சியகக் கதவு திறந்தது.

அந்தக் கதவு வழியே உள்ளே போனவர், பழைய பொருளுக்கே திரும்பி வந்தார். இந்தத் திரும்பல்தான் என்னை அவரிடம் இழுத்தது. 1992இல் வந்த ‘நைட்ரேட் கிஸஸ்’ அவருடைய முதல் முழுநீளப் படம். 67 நிமிடம், கறுப்பு வெள்ளை. பழைய காலத்து நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பிடிக்கும். தீப்பிடிக்காமல் கிடந்தாலும் டப்பாவுக்குள்ளேயே மக்கிப் பொடியாகும். அந்தப் பொருளின் பெயரைப் படத்துக்கு வைத்தார்.

படம் வில்லா கேத்தரில் தொடங்குகிறது. நெப்ராஸ்காவின் ரெட் கிளவுட் என்ற சிற்றூரில் வளர்ந்து, அமெரிக்க இலக்கியத்தின் பெரும் நாவலாசிரியரானவர். இளமையில் முடியை ஒட்ட வெட்டிக்கொண்டு, ‘வில்லியம்’ என்று தன்னைச் சொல்லிக்கொண்டவர். ஈடித் லூயிஸ் என்ற பெண்ணோடு ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் ஒரே வீட்டில் வாழ்ந்தவர். தன் கடிதங்களில் கைக்குக் கிடைத்தவற்றை அழித்தார். மிஞ்சியவற்றைப் பதிப்பிக்கவோ மேற்கோள் காட்டவோ கூடாது என்று உயிலில் எழுதி வைத்துவிட்டு, 1947இல் காலமானார். ஹாமர் படமெடுத்தபோது அந்தத் தடை அப்படியே இருந்தது. நூலகத்தில் உட்கார்ந்து வாசிக்கலாம். ஒரு வரியை வெளியே எடுத்துச் சொல்ல முடியாது.

வழக்கமான ஆவணப்படக்காரர் இங்கே நின்றிருப்பார். சான்று இல்லை, ஆகவே எதுவும் சொல்வதற்கில்லை என்று நாகரிகமாக ஒதுங்கியிருப்பார். அந்த நாகரிகத்தால் யாருக்கு லாபம் என்று ஹாமர் கேட்கிறார். சான்று இல்லாததால் பேசமாட்டேன் என்பது, சான்றை அழிக்க வைத்த சமூகத்தின் பக்கம் நிற்பதாகும். அதற்காக அவர் கற்பனையாக ஒரு காதல் கதையை ஜோடித்துக் கேத்தர் தலையில் கட்டவில்லை. காலி வீடுகளையும் இடிந்த சுவர்களையும் காட்டுகிறார். பல குரல்கள் ஒன்றின்மேல் ஒன்றாகப் பேசுகின்றன. யார் பேசுவது என்று பெயர் போடுவதில்லை. இல்லாமல் போனதை இட்டு நிரப்பாமல், அந்த இல்லாமையையே நாம் உட்கார்ந்து பார்க்கும்படி செய்கிறார்.

அந்த இடிபாடுகளுக்கு நடுவே, இன்று உயிரோடிருக்கும் மனிதர்கள் காதல் செய்கிறார்கள். இரண்டு முதிய பெண்கள் வருகிறார்கள். சுருக்கம் விழுந்த தோல், நரைத்த தலை, அவசரமில்லாத கைகள். முதுமையில் இருக்கும் பெண்களுக்குக் காமம் உண்டு என்பதையே ஒப்புக்கொள்ளாத உலகத்தில், இரண்டு முதிய பெண்கள் ஒருவரை ஒருவர் விரும்புவதை ஒளிவுமறைவின்றிக் காட்டிய துணிச்சல் சாதாரணமானதல்ல. இன்னொரு பகுதியில் ஒரு கறுப்பினத்தவரும் ஒரு வெள்ளையரும் ஆகிய இரண்டு ஆண்களின் கூடலின் மீது, ஹேய்ஸ் விதிகளின் வாசகங்கள் கீழிருந்து மேலாக ஊர்ந்து போகின்றன. தடை செய்த எழுத்தும் தடை செய்யப்பட்ட உடலும் ஒரே சட்டகத்தில். விளக்கவுரை எதுவும் தேவைப்படவில்லை.

நாஜி ஜெர்மனியைப் பற்றிய பகுதிதான் எனக்கு மிகவும் கனமானது. ஆண்களின் தன்பாலுறவைத் தண்டித்த 175ஆம் பிரிவு, ஜெர்மனியில் பெண்களைச் சேர்க்கவில்லை. அதனால் லெஸ்பியன்களுக்கு ஒன்றும் நேரவில்லை என்று நெடுங்காலம் எழுதினார்கள். அவர்களில் முகாமுக்குப் போனவர்கள் ‘சமூக விரோதிகள்’ போன்ற வேறு பெயர்களில் பதிவானார்கள். பதிவேட்டைப் புரட்டினால் லெஸ்பியன் என்ற சொல் பெரும்பாலும் இருக்காது, ஆனால் அவள் முகாமில் இருந்தாள். காகிதத்தை மட்டும் நம்பும் வரலாறு எங்கே பிசகுகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டியதில்லை.

இந்தப் படத்தோடு பின்னால் இரண்டு படங்கள் சேர்ந்து ஒரு முத்தொகுதி ஆயின. 1995இல் வந்த ‘டெண்டர் ஃபிக்ஷன்ஸ்’ அவருடைய தன்வரலாறு. பிறர் எழுதித் தொலைப்பதற்குமுன் நானே எழுதிவிடுகிறேன் என்ற அவசரம் அதில் தெரியும். 2000இல் வந்த ‘ஹிஸ்டரி லெசன்ஸ்’ முழுக்கப் பழைய துண்டுப்படங்களால் ஆனது: ராணுவம் எடுத்த பெண் சிப்பாய்ப் படங்கள், பள்ளிக்கூடச் சுகாதாரப் படங்கள், செய்திப்படங்கள், ஆண்களுக்காக எடுத்த நீலப்படங்கள். எலினார் ரூஸ்வெல்ட்டின் உரை ஒன்றை வெட்டி ஒட்டி, அவர் லெஸ்பியன்களின் மாநாட்டில் பேசுவதுபோல் ஆக்கியிருப்பார். பொய்யல்லவா என்று கேட்கலாம். பார்ப்பவர் யாரும் ஏமாறுவதில்லை. ஒட்டுப்போட்ட இடம் பளிச்சென்று தெரிகிறது. மறைக்காத ஒட்டு பொய்யாகாது. தழும்பே தெரியாமல் வரலாற்றிலிருந்து பெண்களை வெட்டியெடுத்த படங்களைத்தான் பொய் என்று நான் சொல்வேன்.

1998இல் அவர் எடுத்த ‘த ஃபீமேல் க்ளாசெட்’ மூன்று பெண் கலைஞர்களைப் பற்றியது. ஜெர்மனியின் ஹன்னா ஹோஹ், சமகால ஓவியர் நிக்கோல் ஐசன்மன், புகைப்படக் கலைஞர் ஆலிஸ் ஆஸ்டன். மூவரில் ஆஸ்டனின் கதையைச் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். நியூயார்க் துறைமுகத்தைப் பார்த்தபடி ஸ்டேட்டன் தீவில் நின்ற ‘கிளியர் கம்ஃபர்ட்’ என்ற வீட்டில் வளர்ந்தவர். அமெரிக்காவின் தொடக்ககாலப் பெண் புகைப்படக் கலைஞர்களில் முக்கியமானவர். 1891இல் தானும் இரண்டு தோழிகளும் ஆண் வேடத்தில், மீசையும் தொப்பியுமாக நிற்கும் படத்தை எடுத்தார். கெர்ட்ரூட் டேட் என்ற ஆசிரியையை 1899இல் சந்தித்தார். அரை நூற்றாண்டுக்கும் மேலான உறவு அது. 1917 முதல் கெர்ட்ரூட் அந்த வீட்டிலேயே குடியிருந்தார். 1929 பங்குச்சந்தை வீழ்ச்சியில் செல்வம் கரைந்தது. 1945இல் வீடும் போயிற்று. ஆஸ்டன் ஏழைகள் விடுதியில் போய்ச் சேர்ந்தார். கடைசி நாட்களில் அவருடைய படங்கள் பத்திரிகைகளில் வெளியாகி, அதில் கிடைத்த பணத்தால் ஒரு தனியார் இல்லத்துக்கு மாற முடிந்தது, 1952இல் இறந்தார். இருவரும் ஒரே இடத்தில் அடக்கமாக விரும்பினார்கள். குடும்பங்கள் இணங்கவில்லை. ஒருவர் ஸ்டேட்டன் தீவில், மற்றவர் புரூக்ளினில்.

அந்த வீடு அருங்காட்சியகமானது. ஆனால் அங்கே கெர்ட்ரூட் வெறும் தோழியாகவே இருந்தார். 1994இல் லெஸ்பியன் அவெஞ்சர்ஸ் இயக்கத்துப் பெண்கள் அந்த வீட்டு வாசலில் போராடினார்கள். ஹாமரின் படம் அந்த மோதலைப் பதிவு செய்தது. இறந்த பெண்ணின் வாழ்க்கைக்கு யார் காவல்காரர் என்று கேட்டது. 2017இல் வரலாற்று இடங்களின் தேசியப் பதிவேட்டில் அந்த வீட்டைப் பற்றிய குறிப்பில் இருவரின் உறவும் சேர்க்கப்பட்டது. இன்று அருங்காட்சியகமே அதை வெளிப்படையாகச் சொல்கிறது. படம் ஒன்றே இதைச் சாதித்தது என்று நான் சொல்லவில்லை. வாசலில் நின்றவர்கள் இருந்தார்கள், ஆய்வு செய்தவர்கள் இருந்தார்கள். அவர்களோடு ஒரு கேமராவும் இருந்தது.

2006இல் வந்த ‘லவர் அதர்’ இதற்கு நேர்மாறான ஒரு கதை. க்ளோட் காஹுன், மார்செல் மூர் என்று தங்களுக்குப் பெயர் சூட்டிக்கொண்ட இரண்டு பிரெஞ்சுப் பெண்கள். காதலர்கள், காஹுனின் தந்தை மூரின் தாயை மறுமணம் செய்துகொண்டதால் உறவுமுறையில் சகோதரிகளும்கூட. 1937இல் ஜெர்சி தீவில் குடியேறினார்கள். ஜெர்மன் படை 1940இல் தீவைப் பிடித்தது. இந்த இருவரும் ஜெர்மன் மொழியில் துண்டுச்சீட்டுகள் தட்டச்சு செய்து, ‘பெயரற்ற சிப்பாய்’ என்று கையெழுத்திட்டு, சிப்பாய்களின் சட்டைப் பைகளிலும் சிகரெட் பெட்டிகளிலும் செருகினார்கள். படைக்குள்ளேயே கலகக்காரன் ஒருவன் இருக்கிறான் என்று நாஜிகள் தேடி அலைந்தார்கள். நடுவயதைத் தாண்டிய இரண்டு பெண்கள் மீது சந்தேகம் விழ நான்கு ஆண்டுகள் ஆயின. 1944இல் கைதானார்கள், மரண தண்டனை விதிக்கப்பட்டது, ஆனால் நிறைவேற்றப்படவில்லை, 1945 மே மாதம் தீவு விடுதலையானது. ஒளிந்து வாழ்வதில் பெற்ற பயிற்சியே அவர்களுக்கு ஆயுதமாயிற்று என்பதை ஹாமர் உணர்த்தும் விதம் அருமையானது. தீவுவாசிகளின் நினைவுகளையும், நடிகர்கள் நிகழ்த்தும் காட்சிகளையும், காஹுனின் சுயபடங்களையும் அருகருகே வைக்கிறார். எது சான்று, எது நடிப்பு என்பதில் நமக்குக் குழப்பமே வருவதில்லை. காஹுனும் மூரும் ஜெர்சியில் ஒரே கல்லறையில் இருக்கிறார்கள்.

அதே 2006இல் ஹாமருக்குச் சினைப்பைப் புற்றுநோய் கண்டறியப்பட்டது. அதையும் படமாக்கினார்: 2008இல் ‘எ ஹார்ஸ் இஸ் நாட் எ மெட்டஃபர்’. கீமோதெரபி ஊசியும் மொட்டைத் தலையும் குதிரைச் சவாரியும் ஒன்றன்மேல் ஒன்று படிகின்றன. பெர்லின் விழாவில் அதற்கு டெடி விருது கிடைத்தது. உடம்பின் உள்ளே பார்ப்பது அவருக்குப் புதிதல்ல. 1990இல் எடுத்த ‘சாங்டஸ்’ படத்தில், ஜேம்ஸ் சிப்லி வாட்சன் என்ற மருத்துவர் பதிவு செய்து வைத்திருந்த எக்ஸ்ரே அசைபடங்களுக்கு வண்ணமூட்டிப் பயன்படுத்தியிருந்தார். அந்த வாட்சனே 1933இல் ‘லாட் இன் சோடம்’ என்ற படத்தை இணைந்து எடுத்தவர். தன்பாலீர்ப்பின் சாயல் கொண்ட தொடக்ககால அமெரிக்கப் படங்களில் அது ஒன்று. ‘நைட்ரேட் கிஸஸ்’ படத்தில் ஹாமர் அதன் காட்சிகளைச் சேர்த்திருக்கிறார். ஒரே மனிதரின் கிடங்கிலிருந்து எலும்பையும் ஆசையையும் அவர் எடுத்துக்கொண்டார்.

நோய் முற்றிய பிறகு, 2018 அக்டோபரில், விட்னி அருங்காட்சியகத்தில் இறப்பின் கலையைப் பற்றி ஓர் உரை நிகழ்த்தினார். தான் சாகப்போகிறேன் என்பதை மேடையில் நின்று சொன்னார். தீராத நோயாளிகள் தங்கள் முடிவைத் தாங்களே தீர்மானிக்கச் சட்டம் வேண்டும் என்று நியூயார்க்கில் வாதாடினார். காதல், மாதவிலக்கு, முதுமை ஆகியவற்றைப் பேசாப்பொருளாக வைக்க மறுத்தவர், மரணத்தையும் அப்படி வைக்க மறுத்தார். 2019 மார்ச் 16 அன்று காலமானார். முப்பது ஆண்டுகள் அவருடைய துணையாக இருந்த மனித உரிமைச் செயல்பாட்டாளர் ஃப்ளோரி பர்க் உடனிருந்தார்.

போவதற்கு முன்னால் அவர் செய்த காரியத்தை இந்த அவையில் இருக்கும் இளம் இயக்குநர்கள் கவனிக்க வேண்டும். எடுத்து முடிக்காமல் கிடந்த தன் ஃபிலிம் சுருள்களை வேறு இயக்குநர்களிடம் கொடுத்து, உங்கள் விருப்பப்படி முடித்துக்கொள்ளுங்கள் என்றார். 1975இல் குவாத்தமாலாவுக்கு மோட்டார் சைக்கிளில் போனபோது எடுத்தவை டெபோரா ஸ்ட்ராட்மனின் ‘வேவே’ ஆயின. 1998இல் கேப் காட் மணல்மேட்டில், மின்சாரம் இல்லாத ஒரு குடிசையில் தனியே தங்கி எடுத்தவை லின் சாக்ஸின் ‘எ மந்த் ஆஃப் சிங்கிள் ஃப்ரேம்ஸ்’ ஆயின. அந்தப் படம் 2020இல் ஓபர்ஹவுசன் விழாவின் பெரும்பரிசைப் பெற்றது. லெஸ்பியன் சோதனைப்படக் கலைஞர்களுக்கென்று ஓர் உதவித்தொகையையும் 2017இல் ஏற்படுத்தினார். அது அவர் பெயரில் தொடர்கிறது. கடிதங்கள், குறிப்பேடுகள் என்று தன் தாள்களையெல்லாம் யேல் பல்கலைக்கழகத்தின் பைனெக்கி நூலகத்தில் ஒப்படைத்தார். எரிப்பதற்கு எதையும் அவர் மிச்சம் வைக்கவில்லை.

வில்லா கேத்தர் விதித்த தடை பின்னர் விலகியது. அழிந்ததுபோக ஏறத்தாழ 3,000 கடிதங்கள் ஆங்காங்கே தப்பியிருந்தன. அவற்றில் தேர்ந்தெடுத்தவை 2013இல் நூலாக வந்தன. யாரோ சிலர் அவற்றைப் பெட்டியின் அடியில் பத்திரப்படுத்தியிருக்கிறார்கள்.

எனவே உங்களிடம் ஒரு வேண்டுகோள். திரைப்படச் சங்கங்கள் ‘நைட்ரேட் கிஸஸ்’, ‘த ஃபீமேல் க்ளாசெட்’, ‘லவர் அதர்’ ஆகிய மூன்று படங்களையாவது திரையிடுங்கள். திரையிட்ட பிறகு உட்கார்ந்து பேசுங்கள். உங்கள் குடும்பத்தில் திருமணம் செய்துகொள்ளாமல் தோழி ஒருவரோடு வாழ்ந்து மறைந்த அத்தையோ பெரியம்மாவோ இருந்தால், அவர்களுடைய கடிதங்களையும் படங்களையும் பழைய பேப்பர்காரருக்குப் போடாதீர்கள். உயிரோடு இருந்தால், அவருக்குச் சம்மதமானால், பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். அவர் சொல்வதை அவருடைய சொல்லிலேயே எழுதி வையுங்கள்.